எல்லைக்கு அந்தப் பக்கம் போனை யார் எடுப்பார்கள்? அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

ராணுவத்தில் சிக்னல்ஸ் பிரிவில் 24 வருஷம் இருந்துவிட்டு ஊர் திரும்பியவன் நான். வேலூரிலிருந்து கணியம்பாடி போகும் வழியில் எங்கள் ஊர். துப்பாக்கியைவிட டெலிபோன் ஒயரைத்தான் அதிகம் தொட்டிருக்கிறேன். லைன் இழுப்பது, அறுந்த இடத்தைத் தேடிப் போய் முடிச்சுப் போடுவது, காலையில் எல்லா லைனையும் பேசிப் பார்ப்பது, இதுதான் உத்தியோகம். ஊரில் எனக்குப் பெயர் மிலிட்டரிக்காரர். 2025 மே மாதம் பாகிஸ்தானோடு நாலு நாள் சண்டை நடந்தபோது டீக்கடையில் ஆரம்பித்த கேள்விகள் இன்னும் ஓயவில்லை. நூலகத்தில் போட்டித் தேர்வுக்குப் படிக்கும் பிள்ளைகளும் அதையே கேட்கிறார்கள். வாய் வலிக்கிறது என்பதால் எழுதி வைத்துவிட்டேன். கேட்டவர்கள் கேட்டபடியே கேள்விகளைப் போட்டிருக்கிறேன்.

எங்கியோ காஷ்மீர்ல நடக்கிற சண்டைக்கு நாம இன்னாத்துக்கு இவ்வளோ பேசணும் மிலிட்டரிக்காரரே?

லாங் பஜார் மணிக்கூண்டுக்குக் காய்கறி வாங்கப் போகும்போது ஒரு தடவை நின்று அங்கே பதித்திருக்கும் கல்லைப் படியுங்கள். முதல் உலகப் போருக்கு இங்கிருந்து 277 பேர் போனார்கள், 14 பேர் உயிரைக் கொடுத்தார்கள் என்று இருக்கும். யாருடைய சண்டைக்கோ போனவர்கள். பக்கத்துக் கம்மவான்பேட்டையை இன்றும் ராணுவப்பேட்டை என்றுதான் சொல்கிறோம். வீட்டுக்கு ஒருவராவது பட்டாளத்தில் இருக்கும் ஊர் அது.

2025 மே 7ஆம் தேதி ராத்திரியிலிருந்து 10ஆம் தேதி சாயங்காலம் வரை எங்கள் தெருவில் ஒரு அம்மா போனைக் கையிலிருந்து இறக்கவே இல்லை. பையன் ஜம்மு பக்கம் இருந்தான். போன் போகவில்லை. சார்ஜ் போட்டுக்கொண்டே பேச முயற்சி செய்து, ஒயர் எட்டாமல் சுவரோடு ஒட்டி உட்கார்ந்திருந்தார். "சிக்னல்ஸ்ல இருந்தியே, அங்க லைன் எதனா கெடைக்குமா பாரேன் தம்பி" என்று என்னைக் கேட்டார். ஓய்வு பெற்றவனுக்கு எந்த லைன் கிடைக்கும்? மூன்றாம் நாள் ராத்திரி அவனே பேசினான். 40 வினாடி. காஷ்மீர் எங்கியோ இருக்கிறது என்று அந்த அம்மாவிடம் போய்ச் சொல்லிப் பாருங்கள்.

பேச்சுவார்த்தையே கிடையாதுன்னு டிவியில சொல்றாங்களே. அப்போ ரெண்டு நாடும் ஒரு வார்த்தைகூட பேசிக்கிறதில்லையா?

பேசுகிறார்கள். டிவியில் "பேச்சுவார்த்தை" என்றால் பிரதமர்களும் வெளியுறவு அமைச்சர்களும் கைகுலுக்கி உட்காருவது. அது நின்று பல வருஷமாகிறது. 2019 ஆகஸ்ட்டிலிருந்து இரு தலைநகரிலும் தூதர்களே இல்லை. பொறுப்பு அதிகாரிகளை வைத்துத்தான் தூதரகம் ஓடுகிறது. 2025 ஏப்ரலில் ஆளையும் 55இலிருந்து 30 ஆகக் குறைத்துவிட்டார்கள்.

ஆனால் அதற்குக் கீழே வேறொரு பேச்சு இருக்கிறது. இரண்டு ராணுவத்திலும் டிஜிஎம்ஓ என்று ஒரு பதவி உண்டு. போர் நடவடிக்கைகளைக் கவனிக்கும் தலைமை அதிகாரி. 1971 போருக்குப் பிறகு இந்த இரண்டு அலுவலகத்துக்கும் நடுவே தனி டெலிபோன் தொடர்பு வைத்தார்கள். வாரா வாரம் செவ்வாய்க்கிழமை அந்த லைனில் பேச்சு நடக்கும். பெரும்பாலும் பேசுவது கீழ்நிலை அதிகாரிகள்தான். பெரியவர்கள் வருவது விஷயம் முற்றும்போது.

2025 மே 10ஆம் தேதி விஷயம் முற்றியது. மதியம் 3:35க்குப் பாகிஸ்தான் டிஜிஎம்ஓ நம் டிஜிஎம்ஓவைக் கூப்பிட்டார். சாயங்காலம் 5 மணியிலிருந்து தரை, வான், கடல் மூன்றிலும் நிறுத்துவது என்று முடிவானது. நடுவே எந்த நாடு யாருக்கு என்ன சொன்னது என்பதில் அமெரிக்கா ஒரு கதை சொல்கிறது, நம் அரசு வேறு கதை சொல்கிறது. அது எப்படியோ போகட்டும். நிறுத்து என்று சொல்ல ஒரு லைன் வேண்டும், அது உயிரோடு இருக்க வேண்டும். ஒயர்க்காரனுக்கு அது போதும்.

சண்டை நாளில் திடீரென்று போய் லைன் இழுக்க முடியாது. விஷயமே இல்லாத செவ்வாய்க்கிழமைகளிலும் பேசிக்கொண்டே இருந்தால்தான் அன்றைக்கு மணி அடிக்கும். "ஒண்ணுமில்லை, சும்மா டெஸ்ட்" என்று எத்தனை ஆயிரம் தடவை சொல்லியிருப்பேன் என்று எனக்கே கணக்கில்லை.

எதிரிக்கே நம்ம அணு உலை லிஸ்ட்டைக் கொடுக்கிறோமாமே, நெஜமா?

நிஜம். வருஷா வருஷம் ஜனவரி 1ஆம் தேதி. இந்தக் கேள்வியைக் கேட்டவர்கள் எல்லோருமே கோபமாகத்தான் கேட்டார்கள். எனக்கும் முதலில் அப்படித்தான் இருந்தது.

1988 டிசம்பர் 31 அன்று இரு நாடும் ஒரு ஒப்பந்தம் போட்டன. ஒருவர் அணு உலையை மற்றவர் தாக்கக் கூடாது. தாக்கக் கூடாது என்றால் எது எங்கே இருக்கிறது என்று தெரிய வேண்டுமே, அதற்குத்தான் லிஸ்ட். 1992 ஜனவரி 1இல் ஆரம்பித்து மாறாமல் நடக்கிறது. கார்கில் முடிந்த ஆறாம் மாதமும் கொடுத்தார்கள். நாடாளுமன்றத் தாக்குதலுக்குப் பிறகு எல்லையில் லட்சக்கணக்கான சிப்பாய்கள் எதிரெதிரே நின்ற 2002 ஜனவரி 1ஆம் தேதியும் கொடுத்தார்கள். உள்ளே என்ன எழுதியிருக்கிறது என்று வெளியே சொல்வதில்லை.

உலைகள் இருக்கும் இடம் ஒன்றும் ரகசியம் இல்லை. கல்பாக்கம் எங்கே என்று மாமல்லபுரம் போகும் டூரிஸ்ட்டுக்குக்கூடத் தெரியும். உலையை உடைத்தால் கசிவு காற்றோடு வரும், காற்று எந்த எல்லையிலும் நின்று பாஸ்போர்ட் காட்டாது. அதனால் இந்த லிஸ்ட் இருவருக்குமே லாபம். நட்புக்காகச் செய்வதில்லை.

இன்னொரு லிஸ்ட்டும் உண்டு. 2008 ஒப்பந்தப்படி ஜனவரி 1, ஜூலை 1 என்று வருஷத்துக்கு இரண்டு தடவை, தங்கள் சிறையில் இருக்கும் மற்ற நாட்டுக் கைதிகள், மீனவர்கள் பெயரைக் கொடுத்துக்கொள்ள வேண்டும். 2025 மே 10இல் சண்டை நின்றது. 52 நாள் கழித்து ஜூலை 1ஆம் தேதி அந்த லிஸ்ட் கைமாறியது. செய்தித்தாளில் அது மூலையில்தான் வந்திருக்கும். குஜராத் கரையில் ஒரு மீனவர் வீட்டில் மட்டும் அதை வரி வரியாகப் படித்திருப்பார்கள்.

கைதவறி ஏவுகணை போயிடுச்சுன்னா?

போயிருக்கிறது. 2022 மார்ச் 9ஆம் தேதி நம் பிரம்மோஸ் ஒன்று தவறுதலாகக் கிளம்பி பாகிஸ்தானில் மியான் சன்னு பக்கம் விழுந்தது. வெடிபொருள் இல்லாததால் உயிர்ச்சேதம் இல்லை. நம் அரசு வருத்தம் தெரிவித்தது, மூன்று விமானப்படை அதிகாரிகள் பணிநீக்கம் ஆனார்கள். பாலிஸ்டிக் ரக ஏவுகணைச் சோதனை செய்தால் முன்கூட்டியே சொல்ல வேண்டும் என்று 2005 ஒப்பந்தம் இருக்கிறது. தவறுதலுக்கு முன்கூட்டி யார் சொல்ல முடியும்? அந்த மாதிரி நேரத்துக்குத்தான் லைன். அன்றைக்கு அந்த லைனை இந்தியா உடனே பயன்படுத்தவில்லை என்று பாகிஸ்தான் குறைபட்டது. லைன் இருந்தும் எடுத்துப் பேசாவிட்டால் ஒயர்க்காரன் என்ன செய்வான்?

கொடிக் கூட்டம்னா இன்னா? கொடி ஏத்துவாங்களா?

வெள்ளைக் கொடி பிடித்துக்கொண்டு போய் எல்லைக் கோட்டில் சந்திப்பது. பூஞ்ச் பக்கம் சக்கான் தா பாக் என்று ஒரு இடம் இருக்கிறது. கட்டுப்பாட்டுக் கோட்டில் அந்தச் சந்திப்பு அதிகம் நடப்பது அங்கேதான். 2025 பிப்ரவரி 21ஆம் தேதிகூட பிரிகேட் கமாண்டர்கள் அங்கே உட்கார்ந்தார்கள். இரண்டே மாதத்தில் காஷ்மீரின் பஹல்காமில் தீவிரவாதிகள் 26 பேரைக் கொன்றது வேறு கதை.

முதலில் லைனில் கேட்பார்கள்: இந்தத் தேதி, இத்தனை மணி, இத்தனை பேர். அந்தப் பக்கம் மேலே கேட்டுவிட்டுத்தான் பதில் சொல்லும், அதற்கு ஒரு நாளாகலாம். அன்று காலை நாங்கள் லைனை இரண்டு தடவை பார்ப்போம். நடுவே மேசை, இரண்டு பக்கமும் நாற்காலி, கூட்டம் யார் பக்கம் நடக்கிறதோ அவர்கள் டீ. பேசும் விஷயத்தைக் கேட்டால் சிரிப்பீர்கள். எருமை கோடு தாண்டிப் போய்விட்டது. கிழவர் ஒருவர் வழி தவறி வந்துவிட்டார். ஆற்றில் ஒரு சடலம் ஒதுங்கியிருக்கிறது, அந்தப் பக்கத்து ஆள் போலிருக்கிறது. பங்கர் கட்டுகிறீர்கள், நிறுத்துங்கள். கடைசியாகச் சொன்னது மட்டும்தான் பெரிய விஷயம். அதை முதலில் எடுத்தால் எருமைகூடத் திரும்பாது.

வரப்புத் தகராறு பார்த்தவர்களுக்கு இது புதிதில்லை. பங்காளிகள் பேச்சுவார்த்தை இல்லாமல் இருப்பார்கள். ஆனால் கிணற்று முறை யாருக்கு எந்த நாள் என்பது மட்டும் மாறாது. மோட்டார் போடும் பையன் போய்ச் சொல்லிவிட்டு வருவான்.

ஒப்பந்தம் போடறாங்க, அப்புறம் மீறறாங்க. காகிதத்துக்கு இன்னா மரியாதை?

நூலகத்தில் ஒரு பையன் இப்படிக் கேட்டபோது, அவனை வெளியே கூட்டிப்போய் கோட்டை இருக்கும் திசையைக் காட்டினேன்.

1769இல் மைசூர் ஹைதர் அலி குதிரைப் படையோடு சென்னை வாசல் வரை வந்துவிட்டார். பயந்துபோன ஆங்கிலேயக் கிழக்கிந்தியக் கம்பெனி ஒப்பந்தம் போட்டது: பிடித்த இடங்களை அவரவர் திருப்பிக் கொடுப்பது, ஒருவரை யாராவது தாக்கினால் மற்றவர் உதவிக்கு வருவது. அடுத்த வருஷமே மராத்தியர் மைசூர்மேல் பாய்ந்தார்கள். ஹைதர் உதவி கேட்டார். கம்பெனி வரவில்லை. காகிதம் காகிதமாகவே இருந்தது.

ஹைதர் அதை மறக்கவில்லை. 1780 ஜூலையில், பிரெஞ்சுத் துறைமுகமான மாஹேயைக் கம்பெனி பிடித்த கோபமும் சேர, செங்கம் கணவாய் வழியாகப் பெரும்படையோடு இறங்கினார். ஆற்காட்டுச் சீமை முழுக்க எரிந்தது. நவம்பரில் ஆற்காடு விழுந்தது. வேலூர்க் கோட்டை மட்டும் விழவில்லை, முற்றுகையைத் தாங்கி நின்றது. 1782 டிசம்பரில் ஹைதர் சித்தூர் பக்கத்தில் பாசறையிலேயே இறந்துபோனார். பின்னாளில் வடாற்காடு மாவட்டத்துக்குத் தலைநகரமாக இருந்த அதே சித்தூர்தான். இரண்டு வருஷத்தில் ஊர் ஊராகக் காலியானது ஹைதருக்கும் இல்லை, கம்பெனிக்கும் இல்லை. உழுதவனுக்கு.

இதைச் சொன்னதும் அந்தப் பையன் "அப்போ காகிதம் வேஸ்ட்டுதானே" என்றான். இன்னொரு காகிதம் இருக்கிறது என்றேன். 1960 செப்டம்பர் 19ஆம் தேதி கராச்சியில் நேருவும் அயூப் கானும் கையெழுத்திட்ட சிந்து நீர் ஒப்பந்தம். கிழக்கு ஆறுகளான ரவி, பியாஸ், சட்லெஜ் நமக்கு. மேற்கு ஆறுகளான சிந்து, ஜீலம், செனாப் அவர்களுக்கு. புதுக் கால்வாய் வெட்ட நாம் 6 கோடியே 20 லட்சம் பவுன் பத்து வருஷத் தவணையில் கொடுக்க வேண்டும். 1965இல் போர் வந்தது. தவணை நிற்கவில்லை. 1971, 1999 இரண்டிலும் ஒப்பந்தம் தாக்குப்பிடித்தது.

இரண்டு காகிதத்துக்கும் என்ன வித்தியாசம்? 1769 ஒப்பந்தத்தில் ஆபத்து வரும்போது உதவுவேன் என்று வாய்ச்சொல் மட்டும் இருந்தது. அதைத் தினமும் கவனிக்க ஆள் இல்லை. சிந்து ஒப்பந்தத்துக்கு இரு பக்கமும் ஒரு ஆணையர், வருஷத்துக்கு ஒரு கூட்டம், நீர் அளவு, தகராறு வந்தால் யாரிடம் போவது என்று படிப்படியாக ஏற்பாடு இருந்தது. சம்பளம் வாங்கிக்கொண்டு அந்த வேலையைச் செய்ய ஆள் இருந்தார்கள். ஒப்பந்தத்தின் ஆயுள் அந்த ஆட்களிடம் இருக்கிறது என்பது என் கட்சி.

ஆனா அதையும்தான் நிறுத்திட்டாங்களே! இப்போ தண்ணி நின்னு போச்சா?

பஹல்காமுக்கு மறுநாள், 2025 ஏப்ரல் 23ஆம் தேதி, ஒப்பந்தத்தை நிறுத்தி வைப்பதாக இந்தியா அறிவித்தது. பாகிஸ்தான் பதிலுக்கு, 1971 போருக்குப் பின் இருவரும் போட்ட சிம்லா ஒப்பந்தத்தை நிறுத்தி வைக்கும் உரிமை தனக்கு உண்டு என்றது. ஒரு பக்கம் மட்டும் விலகிக்கொள்ள அந்த நீர் ஒப்பந்தத்தில் வழி எழுதப்படவில்லை, இருவரும் சேர்ந்து புது ஒப்பந்தம் போட்டால்தான் அது முடியும். நிறுத்தி வைப்பு என்பது அதனால் பிறந்த சொல்.

தண்ணீர் நிற்காது. சிந்து, ஜீலம், செனாப் மூன்றையும் அடைத்து வைக்கும் அளவுக்கு நம்மிடம் அணை கிடையாது, கட்டப் பல வருஷமாகும். உடனே நின்றது தகவலும் கூட்டமும். வெள்ள காலத்தில் மேலே எவ்வளவு தண்ணீர் வருகிறது என்று கீழே இருப்பவனுக்குத் தெரிவதும், தெரியாமல் இருப்பதும் சாதாரண வித்தியாசம் இல்லை.

பாலாற்றங்கரையில் இருக்கிற நமக்கு இது விளக்கவே வேண்டாம். 1892இல் சென்னை மாகாணமும் மைசூரும் போட்ட ஒப்பந்தத்தை வைத்துக்கொண்டு இன்னும் பேசிக்கொண்டிருக்கிறோம். குப்பம் பக்கம் ஆந்திரா அணை கட்டப் போகிறது என்று தமிழ்நாடு 2006இல் உச்ச நீதிமன்றம் போனது. மேலே தடுப்பணை, கீழே மணல். நமக்காவது ஒரே நாடு, ஒரே நீதிமன்றம். இரண்டு நாட்டுக்கு நடுவே தீர்ப்பு வரலாம், அமீனாவை அனுப்பி ஜப்தி செய்ய முடியாது.

கோட்டையில திப்பு மஹால், கண்டி மஹால்னு எல்லாம் இருக்கே, அவங்க எப்படி நம்ம ஊருக்கு வந்தாங்க?

அந்தக் காலத்துச் சமாதானத்தின் மிச்சம் அது. 1792இல் ஸ்ரீரங்கப்பட்டண ஒப்பந்தத்தில் திப்பு பாதி ராஜ்ஜியத்தையும் 3 கோடியே 30 லட்சம் ரூபாயையும் இழந்தார். பணம் கட்டி முடிக்கும் வரை இரண்டு சின்ன மகன்களைக் கம்பெனி கவர்னர் ஜெனரல் காரன்வாலிஸ் பணயமாக வாங்கிக்கொண்டார். 1799இல் திப்பு விழுந்த பிறகு குடும்பம் மொத்தமும் வேலூர்க் கோட்டைக்கு வந்தது. 1806 ஜூலை 10 விடியலில் சிப்பாய்கள் கிளர்ந்தெழுந்து ஏற்றியது திப்புவின் கொடியை. அதற்குப் பிறகு குடும்பத்தைக் கல்கத்தாவுக்கு அனுப்பிவிட்டார்கள்.

கண்டி கடைசி ராஜா ஸ்ரீ விக்கிரம ராஜசிங்கனும் அப்படித்தான். 1815இல் கண்டி ஒப்பந்தம், 1816இல் இங்கே சிறை, 1832 ஜனவரி 30இல் சாவு. பாலாற்றங்கரை முத்து மண்டபம் அவருக்குத்தான். எதிரியை அப்புறப்படுத்தினால் சமாதானம் வந்துவிடும் என்று கணக்குப் போட்டவர்களுக்கு வேலூரில் ஏழே வருஷத்தில் பதில் கிடைத்தது.

பெரிய மனுஷன் ஒருத்தர வெச்சு பஞ்சாயத்து பண்ணா தீராதா?

தீர்ந்திருக்கிறது, நம் நாட்டிலேயே. யாரும் பேசாத ஒன்று: குஜராத் எல்லையில் இருக்கும் கட்ச் ரண். 1965 ஏப்ரலில் அந்த உப்பு நிலத்தில் இரு ராணுவமும் மோதின. பிரிட்டன் பிரதமர் வில்சன் நடுவில் வந்து ஜூன் 30இல் நிறுத்தினார். மூன்று பேர் தீர்ப்பாயம் அமைந்தது. 1968 பிப்ரவரி 19இல் தீர்ப்பு. பாகிஸ்தான் கேட்ட நிலத்தில் பத்தில் ஒரு பங்குதான் அவர்களுக்குப் போனது. அதைக்கூடக் கொடுக்கக் கூடாது என்று இங்கே கூச்சல் எழுந்தது, ஆனாலும் அரசு கொடுத்தது. அந்தத் தகராறு திரும்ப எழவில்லை. ஓரத்தில் சர் கிரீக் என்ற ஓடை மட்டும் தீர்ப்பில் சேராமல் இன்றும் இழுபறியாக இருக்கிறது. பஞ்சாயத்தில் எதைச் சேர்க்காமல் விட்டோமோ அது அப்படியே நிற்கும்.

சிந்து ஒப்பந்தத்தில் உலக வங்கி இருந்தது. 1966 ஜனவரி 10 தாஷ்கண்ட்டில் சோவியத் பிரதமர் கோசிகின் இருந்தார். மறுநாள் விடியுமுன் சாஸ்திரி அங்கேயே காலமானார். 1972 சிம்லாவுக்குப் பிறகு "நாங்கள் இருவருமே பேசிக்கொள்வோம், மூன்றாமவர் வேண்டாம்" என்பது இந்தியாவின் நிலை. என் அபிப்பிராயம் கேட்டால்: தண்ணீர், ஓடை, உப்பு நிலம் போன்ற அளந்து பார்க்கக்கூடிய தகராறுக்கு வெளியாள் உதவுவார். மானம் கலந்த தகராறில் வெளியாள் வந்தால் இருவரும் அவருக்கு முன்னால் வீரம் காட்டுவார்கள்.

உலகத்துல எங்கியாவது எதிரிங்க ஒத்துப் போயிருக்காங்களா?

எனக்குப் பிடித்த உதாரணம் தென் அமெரிக்காவில் பெருவும் ஈக்வடாரும். 1941, 1981, 1995 என்று மூன்று தடவை சண்டை போட்டார்கள். கடைசிச் சண்டையில் டிவின்சா என்ற காட்டுக்குள் ஈக்வடார் சிப்பாய்கள் பலர் செத்தார்கள். அந்த இடத்தை விட முடியாது என்று அந்த நாடு நின்றது. எங்கள் மண் என்று பெரு நின்றது. 1998 அக்டோபர் 26இல் பிரேசிலியாவில் முடித்தார்கள். எப்படித் தெரியுமா? இறையாண்மை பெருவுக்கு. ஆனால் அந்த இடத்தில் ஒரு சதுர கிலோமீட்டர் நிலம் தனிச்சொத்தாக ஈக்வடாருக்கு. நம் பாஷையில் சொன்னால் ஊர் ஆட்சி பெருவுடையது, பட்டா ஈக்வடார் பெயரில். செத்தவர்களை நினைத்துக்கொள்ள அவர்களுக்கு இடம் கிடைத்தது, வரைபடம் பெரு கேட்டபடி இருந்தது. தாலுகா ஆபீசில் 30 வருஷம் இருந்த ஒரு நண்பரிடம் இதைச் சொன்னேன். "சர்வேயர் எவனோ மூளைக்காரன்" என்றார்.

பிரான்சும் ஜெர்மனியும் எல்லோருக்கும் தெரிந்த கதை. 1870இலிருந்து 1940க்குள் மூன்று தடவை பிரான்சுக்குள் ஜெர்மன் படை புகுந்தது. 1950 மே 9இல் பிரான்ஸ் வெளியுறவு அமைச்சர் ஷூமன், பீரங்கி செய்ய வேண்டிய நிலக்கரியையும் எஃகையும் இரு நாடும் ஒரே நிர்வாகத்தில் வைப்போம் என்றார். மறு வருஷம் ஆறு நாடு சேர்ந்தது. 1963 ஜனவரி 22இல் நட்பு ஒப்பந்தம். அந்தத் தேதிக்கு நம் பழைய வடாற்காட்டில் வேறு கணக்கு இருக்கிறது. 1760 ஜனவரி 22, வந்தவாசிப் போர். ஆங்கிலேயரும் பிரெஞ்சுக்காரரும் தங்கள் பகையைத் தீர்த்துக்கொள்ள நம் புஞ்சையைத் தேர்ந்தெடுத்த நாள்.

சீனாக்காரன்கூட கல்வான்ல கட்டையால அடிச்சிக்கிட்டாங்களே, துப்பாக்கி இல்லையா?

இருந்தது. சீனாவோடு போட்ட 1996 ஒப்பந்தப்படி, அந்தப் பக்கத்து மெய்யான கட்டுப்பாட்டுக் கோட்டிலிருந்து 2 கிலோமீட்டருக்குள் சுடக் கூடாது. 2020 ஜூன் 15 ராத்திரி நம் 20 பேர் இறந்தார்கள், ராமநாதபுரத்துக்காரர் ஒருவரும் அதில் உண்டு. அவ்வளவு ஆன பிறகும் அந்த ராத்திரி இருவரும் சுடவில்லை. ஒப்பந்தம் சாவைத் தடுக்கவில்லை, போரைத் தடுத்தது. ரோந்து பற்றி உடன்பாடு வர 2024 அக்டோபர் ஆனது.

வங்கதேசத்துக்காரங்க இப்போ ஆஸ்பத்திரிக்கு கம்மியாத்தான் வர்றாங்க. அதுவும் இதுல சேர்ந்ததா?

சேர்ந்ததுதான். காந்தி ரோட்டில் வங்காள எழுத்துப் பலகை இல்லாத லாட்ஜ், மருந்துக் கடை எத்தனை? சிஎம்சி ஆஸ்பத்திரிக்கு வரும் நோயாளியோடு ஒரு அண்ணன், ஒரு சித்தப்பா, ஒரு மூட்டை அரிசி. மீன் விற்கிற அம்மா வங்காளத்தில் விலை சொல்வார். லாட்ஜ்காரர் வெளிநாட்டார் விவரப் பாரம் நிரப்பி அனுப்புவார். 2024 ஆகஸ்ட் 5இல் ஷேக் ஹசீனா டாக்காவை விட்டு ஓடிவந்த பிறகு விசா குறைந்தது, அறைச் சாவிகள் பலகையிலேயே தொங்கின. டாக்காவில் நடந்தது வேலூரில் இட்லிக் கடைக் கணக்கில் தெரிந்தது.

ஆனால் அந்த எல்லையில்தான் பெரிய வேலை ஒன்று நடந்திருக்கிறது. ஒரு நாட்டுக்குள் மற்ற நாட்டின் துண்டு நிலங்கள், மொத்தம் 162. நம்முடையது 111 அங்கே, அவர்களுடையது 51 இங்கே. இந்திராவும் முஜிபுரும் 1974இலேயே ஒத்துக்கொண்டார்கள். 2015 ஜூலை 31 நள்ளிரவில்தான் கைமாறியது. 41 வருஷம் அங்கே இருந்த 50,000க்கு மேற்பட்டவர்களுக்கு ரேஷன் கார்டோ ஓட்டோ உருப்படியாகக் கிடையாது. கடல் எல்லை வழக்கிலும் 2014இல் தீர்ப்பாயம் தகராறுப் பகுதியில் 19,467 சதுர கிலோமீட்டரை வங்கதேசத்துக்குக் கொடுத்தது. இந்தியா ஏற்றுக்கொண்டது. வேலூரில் எத்தனை பேருக்கு இது தெரியும்? சண்டை முடிந்தால் செய்தியும் முடிந்துவிடுகிறது.

இலங்கையைப் பத்தி ஏன் பேசமாட்டேங்கிறீங்க?

மேல்மொணவூர் முகாமில் எனக்குச் சிநேகிதர்கள் இருக்கிறார்கள். அதை அவர்கள் சொல்வதுதான் முறை.

பட்டாளத்துல இருந்துட்டு சமாதானம் பேசறீங்களே, பயமா?

இதை ஒரு கல்யாணத்தில் பந்தியில் உட்கார்ந்திருக்கும்போது கேட்டார்கள். போனில் வந்த வீடியோவைக் காட்டி "கராச்சித் துறைமுகம் எரியுது பாருங்க" என்று 2025 மேயில் எனக்கே அனுப்பியவர்தான். கராச்சி எரியவே இல்லை.

2019 பிப்ரவரி 27ஆம் தேதி நம் விமானி அபிநந்தன் அந்தப் பக்கம் பிடிபட்டார். அவர் குடும்பத்துப் பூர்வீகம் திருப்பணமூர், பழைய வடாற்காட்டு ஊர். அவர்கள் கொடுத்த டீயைக் குடித்துக்கொண்டு, எந்த விமானம், என்ன வேலை என்று கேட்டதற்குச் சொல்ல மாட்டேன் என்று அவர் நின்ற வீடியோவை எல்லோரும் பார்த்தோம். மார்ச் 1 ராத்திரி பஞ்சாப் எல்லையில் அட்டாரி வழியாக நடந்து வந்தார். அந்த இரண்டு நாளில் "இன்னும் நாலு குண்டு போடு" என்று திருப்பணமூரில் யாரும் கத்தியிருக்க மாட்டார்கள். 2025இலும், கோடு தாண்டிப் பிடிபட்ட நம் எல்லைப் பாதுகாப்புப் படை வீரர் சண்டை நின்ற நாலாம் நாள், மே 14ஆம் தேதி, அதே அட்டாரி வழியாக வந்தார். அவர்களுடைய எல்லைக் காவல் ரேஞ்சர் ஒருவரும் அன்றைக்கே திரும்பப் போனார். கூட்டம் கூடிப் பார்க்கும் வழக்கமான கொடி இறக்கும் நிகழ்ச்சிகூட நடக்காத நாள். மனிதர்கள் மட்டும் கைமாறினார்கள்.

பந்தியில் இவ்வளவையும் சொல்ல முடியவில்லை. பாயசம் வந்துவிட்டது.

அந்தப் பக்கம் போனை எடுக்கிறவர் பேரு இன்னா மாமா?

ஏழாவது படிக்கும் பெண் கேட்டாள். தெரியாது கண்ணு. பெயர் கேட்கக் கூடாது, சொல்லவும் கூடாது. நான் இருந்த இடத்தில் காலை டெஸ்ட்டுக்கு எடுக்கும் ஆளுக்குக் குளிர்காலம் முழுக்க இருமல் இருந்தது. "ஆவாஸ் சாஃப் ஹை" என்பார். குரல் தெளிவாகக் கேட்கிறது என்று அர்த்தம். நானும் அதையே திருப்பிச் சொல்லி, நோட்டில் நேரம் எழுதி வைத்துவிடுவேன். மார்ச் மாதம் ஒரு நாள் வேறு குரல் வந்தது. பழைய ஆளுக்கு என்ன ஆயிற்று என்று கேட்க நினைத்தேன். மாற்றலாகிப் போயிருப்பார். 6 மணி 5 நிமிடம், லைன் சரி என்று எழுதினேன்.